இரவல் தகப்பன்

பஞ்சர் ஒட்ட மூன்று ரூபாய்.
பெயருக்கு இருநூறு.
தின்ஹாட்டா சாலையில் என் சைக்கிள் கடையில்
இரண்டும் கிடைக்கும் என்று ஊருக்கே தெரியும்.
காவல் நிலையத்துக்கும் தெரியும்;
அவர்கள் டயர்களுக்குக் காற்று இலவசம்.

கடைக்குப் பின்னால் பாக்குத் தோப்பு,
தோப்பு தாண்டினால் வரப்பு,
வரப்புக்கு அந்தப் பக்கம் போராகுடி.
நாலு புறமும் இந்தியா, நடுவில்
எண்பது வீட்டு வங்காளதேசம்.
தங்கள் நாட்டுக்கு அவர்கள் போக
எங்கள் நாட்டை மிதிக்க வேண்டும்.
மிதித்தால் சிறை.
மாடுகள் மட்டும் தினமும் எல்லை கடந்து
வயிறு நிரம்பித் திரும்பின.

ராஜாக்கள் சதுரங்கம் ஆடினார்களாம்,
ஊர்களைத் துண்டுச் சீட்டில் எழுதிப்
பந்தயம் வைத்தார்களாம்.
இருக்கலாம்.
நான் கண்டது இவ்வளவுதான்:
மின்கம்பி அந்த வரப்பு வரை வந்தது,
வளைந்து,
திரும்பிப் போய்விட்டது.

அஸ்மத் வந்தது ஓர் ஆவணி மழையில்,
சைக்கிள் இல்லாமல்.
ரஹேலாவுக்கு வலி கண்டுவிட்டது,
ஆஸ்பத்திரியில் புருஷன் பெயர் கேட்பார்கள்,
அட்டை கேட்பார்கள் என்றான்.
என்னிடம் அட்டை இருந்தது.
படிவத்தில் நான் புருஷன் ஆனேன்.
அவன் யார் என்று காவலாளி கேட்டதற்கு
என் கூலியாள் என்றேன்.
வராந்தாவில் என் செருப்புகளுக்குப் பக்கத்தில்
குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான் விடியும்வரை.

நர்ஸ் வெளியே வந்து
தகப்பன் யார் என்றாள்.
எழுந்தது அவன்.
சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தேன்.
பழைய சட்டை, தோளில் கிழிந்தது.

அப்புறம் வரிசையாக.
பள்ளிக்கூடத்துக்கு ஒன்று, தடுப்பூசிக்கு ஒன்று,
பத்தாம் வகுப்புப் பரீட்சைக்கு இரண்டு பெண்கள்.
மூன்று பையன்களுக்கு ஒரே வருடத்தில் பிறந்த தேதி.
தலைமை ஆசிரியர் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.
அல்லாஹ்வின் கிருபை என்றேன்.
வீட்டில் இரண்டு, வரப்புக்கு அப்பால் பதினொன்று என்று
ஜொமிலா சோற்றுத்தட்டை ஓசையோடு வைத்தாள்.
ஐந்தாவது பிள்ளைக்குப் பிறகு நான் பணம் வாங்கவில்லை.
நல்லவன் ஆனதால் அல்ல.
கேட்கக் கூச்சமாகிவிட்டது.

நாடுகள் நிலத்தை மாற்றிக்கொண்ட நள்ளிரவில்
அறுபத்தெட்டு மெழுகுவர்த்திகள் ஏற்றினார்கள்,
வருடத்துக்கு ஒன்று.
கொடி ஏறியது. யாரோ அழுதார்கள்.
காற்றில் பாதி அணைந்துவிட, பிள்ளைகள்
திரும்பத் திரும்ப ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.
நான் வரப்பில் நின்றேன்.
அது இனி வெறும் வரப்பு;
இருந்தாலும் கால் தூக்கியே தாண்டினேன்.

மறு வருடம் திருத்த முகாம்.
இவன் என் மகன் அல்ல என்று
பதினொரு முறை சத்தியம் செய்ய வேண்டும்.
உண்மையைச் சொல்ல
இவ்வளவு எச்சில் விழுங்க வேண்டுமென்று தெரியாது.
அதிகாரி சான்றிதழ்களை மேசையில் பரப்பினார்.
தொசிருதீன். தசிருத்தின். தொஷிர் அலி.
ஒன்றில் வெறும் தொசு மியா.
என் ரேஷன் அட்டையில் வேறு,
வாக்காளர் பட்டியலில் வேறு.
"இதில் நீர் யார்?"

சிரித்துப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை.
உம்மை அறிந்த குடிமகன் ஒருவர்
சாட்சிக் கையெழுத்துப் போடட்டும் என்றார்.

வரிசையிலிருந்து அஸ்மத் எழுந்து வந்தான்.
புது அட்டை, மேலுறை பிரிக்காதது.
மேசையில் வைத்துவிட்டு
அதன்மேல் ஒரு விரலை எடுக்காமலே நின்றான்.

படிவத்தை நிரப்பியது அவன் மூத்த மகன் மொஃபிஜுல்,
காகிதத்தில் என் மூத்த மகன்.
வடிவான கையெழுத்து.
ஓரிடத்தில் பேனா நின்றது.
விண்ணப்பதாரருக்குச் சாட்சி என்ன உறவு?

பையன் அவனைப் பார்த்தான்,
என்னைப் பார்த்தான்.

அஸ்மத் தோளைச் சொறிந்துகொண்டு சொன்னான்:
"கூலியாள் என்று எழுது."